வரைவைப் படிக்கும் தோழர்

பண்டைக் காலத்தில் நூல் ஒன்றை எழுதி முடித்த புலவர், அதனைக் கற்றோர் அவையில் அரங்கேற்றுவது மரபு. அவையினர் வாளா கேட்டிருந்து பாராட்டிச் சென்றாரல்லர். ஐயம் தோன்றிய இடத்தில் தடை எழுப்பினர். நூலாசிரியர் விடை கூறினார். கூற இயலாதவிடத்துத் திருத்திக்கொண்டார். இக்காலத்தில் அத்தகைய அவைகள் அருகிவிட்டன. கட்டுரை அச்சேறுமுன் அதன் வரைவைப் படித்துக் கருத்துரைக்கும் தோழர் ஒருவரே அவ்வவையின் பணியைச் செய்ய வேண்டியுள்ளது.

கலைக்களஞ்சியக் கட்டுரைக்கு இப்பணி மிகவும் இன்றியமையாதது. கதையில் பிழை நேரின் அஃது அக்கதையோடு நிற்கும். கலைக்களஞ்சியத்தில் நேர்ந்த பிழையோ ஆசிரியர் குறிப்பிலும் மாணவர் விடைத்தாளிலும் புகுந்து, பின்னர்க் களைய இயலாதவாறு வேரூன்றிவிடும். பெரியசாமித் தூரன் முதன்மைப் பதிப்பாசிரியராக விளங்க, 1954 முதல் 1968 வரை பத்துத் தொகுதிகளாக வெளிவந்த தமிழ்க் கலைக்களஞ்சியத்தில் பல துறை அறிஞர்கள் எழுதினர். அத்தகைய நூலைப் புரட்டுவோர், கட்டுரையை எழுதியவர் யார் என்று நோக்குவது அரிது. அச்சில் இருப்பதனால் மெய்யென்றே கொள்வர்.

'குடிமை இதழியல்' என்னும் பொருள் பற்றி இளம் ஆசிரியர் ஒருவர் கலைக்களஞ்சியத்திற்கு ஒரு கட்டுரை வரைந்து, அதனைத் தம் தோழரிடம் படிக்கத் தந்தார் என்று கொள்க. தோழர் முதலில் எழுதுகோலைக் கையில் எடுக்கலாகாது. ஒருமுறை முழுவதும் படித்தல் வேண்டும். முதற் பத்தியிலேயே ஒற்றுப்பிழைகளைத் திருத்தப் புகுந்தவர், கட்டுரையின் பெரும்பிழையைக் காணாமலே இறுதிக்கு வந்துவிடுவார். சந்திப் பிழையைத் திருத்த அச்சகத்தில் மெய்ப்புத் திருத்துவோர் உளர்; கருத்துப் பிழையைத் திருத்த அங்கு ஒருவரும் இலர்.

அன்றியும், பொருளை அறியாதவர் அதுபற்றிக் கருத்துரைத்தல் பொருந்தாது. ஆதலின் அத்தோழர் குடிமை இதழியலின் வரலாற்றைத் தாமும் கற்றறிந்தார். அமெரிக்க ஐக்கிய நாட்டில் 1988-ஆம் ஆண்டு குடியரசுத் தலைவர் தேர்தல் நடந்தபோது, எவர் முந்துகிறார், எவர் பிந்துகிறார் என்று குதிரைப் பந்தயத்தைக் கூறுவதுபோலவே செய்தித்தாள்கள் எழுதின. மக்களின் உண்மைக் கவலைகளை எழுதவில்லை. இம்மனக்குறை இதழாளர் சிலருக்கே தோன்றிற்று. அவருள் ஒருவர், கான்சாஸ் மாநிலத்து 'விச்சிட்டா ஈகிள்' நாளிதழின் ஆசிரியர் டேவிஸ் மெரிட். 1990-இல் அம்மாநில ஆளுநர் தேர்தல் வந்தது. (அந்நாட்டில் ஆளுநரை மக்களே வாக்களித்துத் தேர்ந்தெடுப்பர்.) மெரிட்டின் நாளிதழ், மக்கள் எவ்வெச் சிக்கல்களைப் பெரிதாகக் கருதுகின்றனர் என்று முதலில் அவர்களையே கேட்டறிந்தது, பின்னர் அச்சிக்கல்களில் வேட்பாளர் ஒவ்வொருவரும் கொண்டிருந்த நிலையை விளக்கி எழுதியது. ஜார்ஜியா மாநிலத்துக் கொலம்பஸ் நகரின் நாளிதழோ, அதற்கு முன்பே நகரின் எதிர்காலம் குறித்துக் கட்டுரைத் தொடர் ஒன்றை வெளியிட்டிருந்தது. நகரில் அசைவு ஒன்றும் உண்டாகாமை கண்டு, தானே மக்களை அழைத்துப் பொதுக்கூட்டம் கூட்டியது. இம்முயற்சிகளுக்குக் கொள்கை வடிவம் தந்தவருள் நியூயார்க் பல்கலைக்கழகப் பேராசிரியராக இருந்த ஜே ரோசன் முதன்மையானவர்.

இவற்றை அறிந்தபின் தோழர் வரைவை மீண்டும் படித்தார். பெரும்பிழை முதற்றொடரிலேயே இருந்தது. 'குடிமக்கள் தாமே செய்தியாளராகிச் செய்தி திரட்டி எழுதுவது குடிமை இதழியல்' என்று வரைவு தொடங்கிற்று. அது வேறொன்றன் இலக்கணம். தென்கொரியாவில் 2000-ஆம் ஆண்டு தொடங்கப்பெற்ற 'ஓமைநியூஸ்' போன்ற இதழ்களில் பொதுமக்களே செய்தி எழுதினர். அது 'குடிமக்கள் இதழியல்' எனப்படும். குடிமை இதழியலிலோ எழுதுவோர் பயின்ற இதழாளரே. எதனை எழுதுவது என்று துணியுமிடத்து அவர் மக்களின் கருத்தை நாடுகின்றனர். இரண்டு பெயர்களும் ஒலியால் நெருங்கியிருத்தலின் மயக்கம் நேர்ந்தது. இதனையே நன்னூலார் 'மயங்க வைத்தல்' என்று நூற்குற்றங்களுள் ஒன்றாக வைத்தார். இப்பிழை அச்சேறியிருப்பின், மெரிட்டும் கொலம்பஸ் நகர் இதழும் செய்யாத ஒன்றைச் செய்ததாகத் தமிழ் மாணவர் பலர் எழுதியிருப்பர்.

இனி, இப்பிழையை எங்ஙனம் எடுத்துரைப்பது என்பதே அரிய பகுதி. 'முதற்றொடர் முழுதும் தவறு' என்று ஓரத்தில் எழுதுதல் எளிது. அதனைக் காணும் எழுத்தாளர் மனம் வருந்துவாரேயன்றி, என்ன செய்வது என்று அறியார். 'கட்டுரை மிக நன்று' என்பதும் அவ்வாறே பயனற்றது. அன்பினால் கூறினும் பிழை பிழையாகவே நிற்கும். அத்தோழர் எழுதிய குறிப்பு வருமாறு: 'இத்தொடரைப் படிப்பவர், விச்சிட்டா நாளிதழில் பொதுமக்களே செய்தி எழுதினர் என்று கொள்ளக்கூடும். ஆயின் தங்கள் மூன்றாம் பத்தி, நாளிதழார் மக்களைக் கேட்டுத் தாமே எழுதினர் என்கிறது. தாங்கள் கருதியது எது?' இதில் பிழையின் இடம் தெரிகிறது. அதனால் விளையும் மயக்கம் தெரிகிறது. சான்று எழுத்தாளரின் சொல்லிலிருந்தே காட்டப்படுகிறது. திருத்தும் உரிமையோ எழுத்தாளரிடமே விடப்பட்டிருக்கிறது. தோழரே புதுத்தொடர் ஒன்றை எழுதித் தந்திருப்பின் கட்டுரை இருவர் நடையில் அமைந்து பொலிவிழந்திருக்கும்.

வேறு சில குறைகளும் இருந்தன. இவ்வியக்கத்திற்குத் துணைநின்ற பியூ குடிமை இதழியல் மையம் 1993-இல் தோன்றிப் பத்தாண்டளவில் தன் பணியை முடித்துக்கொண்டது. வரைவோ அஃது இன்றும் இயங்குவதாகக் கூறிற்று. 'இதழியலைக் காத்த இயக்கம்' என்ற புகழுரையும் ஓரிடத்தில் இருந்தது. இவ்வியக்கத்தை மறுத்தோரும் உளர். 'வாஷிங்டன் போஸ்ட்' ஆசிரியராக இருந்த லியோனார்டு டௌனியும், 'நியூயார்க் டைம்ஸ்' ஆசிரியராக இருந்த மாக்ஸ் பிராங்கெலும் அவருள் குறிப்பிடத்தக்கவர். இதழாளர் கடமை உண்மையை உரைத்தல். ஊர்க்காரியத்தை முன்னின்று நடத்தப் புகுந்தால் நடுநிலை கெடும் என்பது மறுப்போர் வாதம். இவ்வாதம் வரைவில் ஒரு வரியும் இடம்பெறவில்லை. அது 'குன்றக் கூறல்' ஆகும்.

எனினும் படிக்கும் தோழர் கூறுவன யாவும் சரியாதல் இல்லை. வால்டர் லிப்மன் 1922-லும் ஜான் டூயி 1927-லும் எழுதிய நூல்களைப் பற்றிய பத்தியை 'மற்றொன்று விரித்தல்' என்று அத்தோழர் ஒதுக்கினார். எழுத்தாளர் இசைந்தாரல்லர். பொதுமக்கள் அரசியலை அறிந்து தெளியும் ஆற்றல் உடையவரா என்று லிப்மன் ஐயுற்றார் என்றும், கூடி உரையாடுவதனாலேயே மக்கள் அவ்வாற்றல் பெறுவர் என்று டூயி கருதினார் என்றும், ரோசனின் கொள்கைக்கு வேர் டூயியின் கருத்தே என்றும் அவர் விடை எழுதினார். தோழர் தம் தடையை விலக்கிக்கொண்டார். ஆயினும் அவர் ஐயுற்றமையால் எழுத்தாளர்க்கும் ஓர் உண்மை புலப்பட்டது. அப்பத்தி ஏன் அங்கு இருக்கிறது என்பதை வரைவு எங்கும் கூறவில்லை. அதனைக் கூறும் தொடர் ஒன்றைச் சேர்த்து, பத்தியைப் பாதியாகக் குறைத்தார்.

திருந்திய வரைவு மறுபடியும் தோழரிடம் வந்தது. இம்முறை அவர் எழுப்பிய தடை ஒன்றே. திருக்குறளில் 'குடிமை' என்னும் அதிகாரம் குடிப்பிறப்பின் சிறப்பைக் கூறுவதாயிற்றே. அச்சொல்லை இங்கு ஆளலாமோ என்று வினவினார். பள்ளிகளில் 'குடிமையியல்' என்ற பாடம் நடைபெறுகிறது. ஊரின் பொதுவாழ்வு என்னும் பொருளை மாணவர் அதனால் நன்கு அறிவர் என்று எழுத்தாளர் விடை பகர்ந்தார். தோழர் அவ்விடையை ஏற்று, அவ்விளக்கத்தையும் கட்டுரையின் தொடக்கத்தில் சேர்க்குமாறு எழுதி, வரைவை அச்சிற்கு அனுப்ப இசைந்தார்.