வெட்டிவேரின் மணம் எங்கே இருக்கிறது? வியாபாரிகள் அறிய வேண்டிய வேதியியல்

மாசி முடிந்து வெயில் ஏறத் தொடங்கியதும் நாட்டு மருந்துக் கடைகளிலும் மளிகைக் கடைகளிலும் வெட்டிவேர் கேட்டு வருபவர்கள் கூடிவிடுகிறார்கள். மண்பானையில் போட ஒருவர் கேட்கிறார், தேங்காய் எண்ணெயில் ஊறவைக்க இன்னொருவர், ஜன்னலுக்குத் தட்டி கட்ட மற்றொருவர். கட்டுக் கட்டாக வாங்கி வைத்து விற்கிறோம். ஆனால் நாம் விற்பது வேரையா, வேருக்குள் இருக்கும் மணத்தையா? வாடிக்கையாளர் காசு கொடுப்பது மணத்துக்குத்தான். அந்த மணம் என்ன பொருள், வேரில் எந்த இடத்தில் இருக்கிறது, எப்படி வெளியே வருகிறது என்று தெரிந்துகொண்டால் கொள்முதலில் ஏமாறாமல் இருக்கலாம். இருப்பில் உள்ள சரக்கையும் காப்பாற்றலாம். சரக்கு அறிந்த வியாபாரிக்கு நஷ்டம் குறைவு என்பது நம் முன்னோர் கண்ட அனுபவம்.

புல்லின் வேர்

வெட்டிவேர் ஒரு புல் வகை. நெல், கரும்பு, எலுமிச்சைப்புல் ஆகியவற்றின் குடும்பத்தைச் சேர்ந்தது. தமிழ்நாட்டில் கடலூர் மாவட்டத்தின் கடலோர மணற்பாங்கான நிலங்களில் இது பயிராகிறது. மணலில் வேர் நீளமாக இறங்கும். தோண்டும்போது அறுபடாமல் வரும். நட்ட 12 முதல் 18 மாதங்களில் தோண்டுகிறார்கள். அதற்கு முன்பே தோண்டிய இளவேரில் எண்ணெய்ச் சத்து குறைவு.

விலாமிச்சை வேரை வெட்டிவேர் என்று எண்ணி மாற்றிக் கொடுக்கும் வழக்கம் சில இடங்களில் உண்டு. விலாமிச்சை துளசிக் குடும்பத்துச் செடி. இரண்டும் மணக்கும் என்றாலும் இரண்டும் வேறு சரக்கு, வேறு விலை. பட்டியலில் தனித்தனியாகவே எழுத வேண்டும்.

வெட்டிவேரின் மணம் வெளித்தோலில் இல்லை. வேரை நீளவாக்கில் பிளந்தால் நடுவே நரம்பு போன்ற கெட்டியான தண்டு தெரியும். அந்தத் தண்டைச் சுற்றியுள்ள செல்களில்தான் எண்ணெய் சேர்ந்து நிற்கிறது. ஆகவே மேலே உள்ள மண்ணைக் கழுவினால் மணம் போய்விடும் என்று அஞ்ச வேண்டியதில்லை. மண்ணோடு இருக்கும் வேரை வாங்கினால் மண்ணுக்கும் சேர்த்துத்தான் காசு கொடுக்கிறோம்.

பதினைந்து கார்பன் கொண்ட மூலக்கூறுகள்

வேரிலிருந்து வடிக்கும் எண்ணெய் ஒரே பொருளால் ஆனதல்ல. நூற்றுக்கணக்கான பொருள்கள் கலந்த கலவை அது. அவற்றில் பெரும்பாலானவை 15 கார்பன் அணுக்களைக் கொண்டவை. இவ்வகைப் பொருள்களை வேதியியலார் செஸ்குயிடெர்பீன்கள் என்கிறார்கள். வெட்டிவேர் எண்ணெயில் முக்கியமானவை மூன்று. முதலாவது குசிமால். 'கஸ்' என்ற இந்திப் பெயரையொட்டி வைத்த பெயர் இது. 15 கார்பன், 24 ஹைட்ரஜன், ஓர் ஆக்ஸிஜன் கொண்ட ஆல்கஹால் வகைப் பொருள். மற்ற இரண்டும் ஆல்ஃபா வெட்டிவோன், பீட்டா வெட்டிவோன் என்னும் கீட்டோன்கள். 'வெட்டிவேர்' என்ற நம் தமிழ்ச் சொல்லே உலக வேதியியல் நூல்களில் இப்படிப் புகுந்திருக்கிறது.

இதில் வியாபாரிக்கு என்ன பயன்? நம் கடையில் உள்ள கற்பூரத்தோடு ஒப்பிட்டால் விளங்கும். கற்பூரத்தின் மூலக்கூறில் 10 கார்பன். அதன் மூலக்கூறு எடை 152. திறந்து வைத்தால் கற்பூரம் கரைந்து எடை குறைவதை நாம் எல்லோரும் அறிவோம். நன்னாரி வேருக்கு மணம் தருவது வெனிலாவின் சாரமான வெனிலினுக்கு உடன்பிறப்பு போன்ற ஒரு பொருள். அதன் எடையும் 152தான். வெட்டிவேரின் குசிமாலோ 220, வெட்டிவோன் 218. மூலக்கூறு கனமாக இருந்தால் காற்றில் பறப்பது மெதுவாகும். அதனால்தான் வெட்டிவேர் தட்டி பல கோடைகள் தாங்குகிறது. வாசனைத் திரவியம் செய்பவர்கள் இதை அடிமணமாக வைப்பதும் இதனால்தான். மேலே உள்ள பூ, பழ மணங்கள் பறந்த பின்னும் இது நிற்கும். மற்ற மணங்களையும் பிடித்து நிறுத்தும்.

நனைந்தால் ஏன் மணக்கிறது?

காய்ந்த வேர் கட்டில் மணம் மந்தமாக இருக்கும். தண்ணீர் தெளித்தவுடன் அறை முழுக்க மணக்கும். காய்ந்த வேரின் நார், எண்ணெயை இறுகப் பிடித்துக்கொள்கிறது. தண்ணீர் பட்டதும் நார் தண்ணீரை ஏற்றுக்கொண்டு எண்ணெயை விடுகிறது. எண்ணெய் தண்ணீரில் எளிதில் கரையாது. அதனால் காற்றை நோக்கிக் கிளம்புகிறது. பானைத் தண்ணீரில் மிகச் சிறிய அளவே இறங்கும். மூக்குக்கு அதுவே போதும்.

எண்ணெய் வடிப்பதிலும் தண்ணீரே துணை. இந்த எண்ணெய் தனியாகக் கொதிக்க 250 டிகிரிக்கு மேல் சூடு வேண்டும். அந்தச் சூட்டில் வேர் கருகிவிடும். ஆனால் ஒன்றோடொன்று கலக்காத இரண்டு திரவங்களைச் சேர்த்துக் கொதிக்க வைத்தால் இரண்டின் ஆவி அழுத்தமும் கூடி, 100 டிகிரிக்குச் சற்றுக் கீழேயே கொதித்துவிடும். நீராவியோடு எண்ணெயும் ஏறி வருவது இதனால்தான். கனமான பொருள் என்பதால் மெதுவாக வரும். 18 மணி நேரம், 24 மணி நேரம், அதற்கு மேலும் அடுப்பு எரிய வேண்டும். விறகுச் செலவை மிச்சம் பிடிக்கப் பாதியில் நிறுத்தினால், கடைசியில் வரும் கனமான, நெடுநாள் நிற்கும் மணம் வேரிலேயே தங்கிவிடும். அப்படி வடித்த எண்ணெய் மெல்லியதாகவும் பச்சை வேர் வாடையாகவும் இருக்கும்.

100 கிலோ காய்ந்த வேரில் சுமார் அரை கிலோ முதல் 2 கிலோ வரை எண்ணெய் கிடைக்கும். இந்தக் கணக்கை உறுப்பினர்கள் மனத்தில் வைக்க வேண்டும். 2 சதவீதம் என்று தாராளமாக எடுத்துக்கொண்டாலும், ஒரு கிலோ எண்ணெய்க்கு 50 கிலோ வேர் வேண்டும். விளைவிடத்தில் வேரின் கிலோ விலையை 50 ஆல் பெருக்குங்கள். அதற்கும் குறைந்த விலையில் 'சுத்தமான வெட்டிவேர் எண்ணெய்' என்று ஒருவர் கொண்டுவந்தால், அந்தப் புட்டியில் என்ன இருக்கிறது என்று கேட்பது நம் கடமை.

வடக்கு எண்ணெய், தெற்கு எண்ணெய்

வட இந்தியாவில் தானாக வளரும் வெட்டிவேர் விதை பிடிக்கும். தெற்கே பயிராகும் வகை பெரும்பாலும் விதை பிடிக்காது. தூரைப் பிரித்து நட வேண்டும். இரண்டின் எண்ணெயும் வேறு. ஒருதிசை ஒளியை எண்ணெய் வழியாகச் செலுத்தினால் தென்னாட்டு எண்ணெய் வலப்பக்கமும் வடநாட்டுக் காட்டு வகை இடப்பக்கமும் திருப்பும். வலக்கையும் இடக்கையும் போல உள்ளமைப்பு மாறிய பொருள்கள் அவற்றில் இருக்கின்றன. உத்தரப் பிரதேசத்தின் கன்னோஜ் நகரில் செம்புப் பாத்திரங்களில் வடிக்கப்படும் 'ரூ கஸ்' பச்சை நிறமாக இருக்கும். அந்தப் பச்சை செம்பினால் வருவது. லக்னோவில் உள்ள மத்திய மருத்துவ மற்றும் மணப்பயிர் நிறுவனம் தாரிணி, குலாபி, கேசரி என்ற ரகங்களை வெளியிட்டது. குலாபியில் ரோஜாச் சாயலும் கேசரியில் குங்குமப்பூச் சாயலும் உண்டு. ஆகவே மணம் சற்று மாறியிருப்பதாலேயே ஒரு சரக்கைக் கலப்படம் என்று தள்ளிவிடக் கூடாது. எங்கே விளைந்தது, என்ன ரகம் என்று கேட்க வேண்டும்.

வேரில் வாழும் நுண்ணுயிர்களுக்கும் இதில் பங்கு உண்டு. நுண்ணுயிரின்றி ஆய்வகத்தில் திசு முறையில் வளர்த்த செடிகளின் வேரில் எண்ணெய் மிகச் சொற்பமாகவே இருந்தது என்று 2008 இல் வெளியான ஆய்வு காட்டியது. மண் மாறினால் மணம் மாறும் என்று விவசாயிகள் சொல்வதில் பொருள் இருக்கிறது.

மணத்தின் மூலம் எது?

எண்ணெயில் அதிகம் இருப்பது குசிமால் என்றாலும், தனியாக முகர்ந்தால் அதன் மணம் அவ்வளவு உயர்வானதல்ல. அப்படியானால் அந்தப் புகழ்பெற்ற மர வாசத்தைத் தருவது எது? பல பத்தாண்டுகள் வேதியியலாரைத் திண்டாட வைத்த கேள்வி இது. பீட்டா வெட்டிவோனுக்கு 1939 வாக்கில் சொல்லப்பட்ட அமைப்பே தவறு என்பதை 1960களின் பிற்பகுதியில் அமெரிக்க வேதியியலார் ஜேம்ஸ் மார்ஷல் நிரூபித்தார்.

2021 இல் ஜெர்மனியின் பெஞ்சமின் லிஸ்ட், வாசனைப் பொருள் வேதியியலார் ஃபிலிப் கிராஃப்ட் ஆகியோர் அடங்கிய குழு விடையை வெளியிட்டது. லிஸ்ட் அதே ஆண்டு வேதியியலுக்கான நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டவர். எண்ணெயில் மிகக் குறைந்த அளவே உள்ள, சிசேன் வகையைச் சேர்ந்த ஒரு கீட்டோன்தான் மணத்தின் மூலம் என்று அதை 11 படிகளில் செயற்கையாகச் செய்து காட்டி நிரூபித்தார்கள். ஒரு லிட்டர் காற்றில் 29 பிக்கோகிராம் இருந்தாலே மூக்கு அதை உணரும். ஒரு கிராமை ஒரு லட்சம் கோடி பங்காக்கி, அதில் 29 பங்கு! கணக்குப் பார்த்தால், ஒரு மில்லிகிராம் சுமார் 34,000 கன மீட்டர் காற்றுக்குப் போதும். 30 மீட்டர் நீளம், 20 மீட்டர் அகலம், 5 மீட்டர் உயரம் உள்ள கல்யாண மண்டபங்கள் பதினொன்றை அது நிரப்பிவிடும்.

இதிலிருந்து இரண்டு செய்திகள் நமக்கு. ஒன்று, 11 படிகளில் செய்ய வேண்டிய பொருள் மலிவாகச் சந்தைக்கு வராது. மலிவு எசன்சுகளில் இருப்பது சீடர் மர எண்ணெயிலிருந்தும் மற்றவற்றிலிருந்தும் செய்யும் மாற்று மணப்பொருள்களே. மற்றொன்று, அளவு எவ்வளவு குறைந்தாலும் மூக்கு உணரும் என்பதால், பழைய சக்கை வேர்கூட லேசாக மணக்கும். 'மணக்கிறதே' என்று மட்டும் பார்த்து வாங்கக் கூடாது.

கொள்முதலில் கவனிக்க வேண்டியவை

எண்ணெய் வடித்த சக்கை வேர் தட்டிக்கும் பாய்க்கும் உதவும். அதைச் சக்கை என்று சொல்லி விற்பதில் தவறில்லை. புது வேரோடு கலந்து கொடுப்பதுதான் குற்றம். சிலர் சக்கையின் மேல் எசன்ஸ் தெளித்தும் விடுவார்கள். கண்டுபிடிக்க எளிய வழி உண்டு. ஒரு பிடி வேரை வெந்நீரில் அரை மணி ஊறவைத்து, நீரைக் கொட்டி, நிழலில் காயவைத்து, மறுநாள் மீண்டும் நனைத்துப் பாருங்கள். மேலே தெளித்த மணம் முதல் தண்ணீரோடு பெரும்பாலும் போய்விடும். நல்ல வேர் மறுபடியும் மணக்கும். எண்ணெய் உள்ளே இருப்பதுதான் காரணம். சக்கை வேகவைத்த வைக்கோல் வாடை அடிக்கும். நம்பிக்கையான இடத்து நல்ல வேரைச் சிறிது கண்ணாடிப் புட்டியில் மூடி வைத்து, ஒவ்வொரு வரத்தையும் அதனோடு ஒப்பிடுவது நல்லது. சரக்கு அறைக்குள் நின்று முகராதீர்கள். சிறிது நேரத்தில் மூக்கு பழகிவிடும். தெருவுக்கு வந்து முகருங்கள்.

அடுத்தது ஈரம். 25 சதவீதம் ஈரம் உள்ள 100 கிலோ வேரில் உலர்ந்த சரக்கு 75 கிலோதான். நம் கடையில் அது 10 சதவீத ஈரத்துக்குக் காய்ந்தால் தராசில் நிற்பது சுமார் 83 கிலோ. 17 கிலோவின் விலை கைவிட்டுப் போகிறது. பூஞ்சை பிடித்தால் மீதியும் போகும். கட்டின் நடுவே கைவிட்டுப் பார்த்து வாங்குங்கள்.

எண்ணெய் வாங்குகிறவர்கள் ஒரு துளியை வெள்ளைத் தாளில் விட்டு வையுங்கள். சமையல் எண்ணெய் கலந்திருந்தால் வாரங்கள் கழிந்தும் பிசுக்குக் கறை அப்படியே நிற்கும். வெட்டிவேர் எண்ணெயும் மெதுவாகவே போகும் என்பதால் ஒரே நாளில் முடிவு கட்டக் கூடாது. பெரிய கொள்முதலுக்கு ஆய்வகத்தில் காஸ் குரோமட்டோகிராஃப் சோதனைச் சான்று கேட்பதே சரி.

இருப்பும் விற்பனையும்

வேரை நன்கு உலர்த்தி, சாக்கில் கட்டி, தரையில் படாமல் மரப்பலகை மேல் அடுக்குங்கள். பெருங்காயம், சோப்பு, ஊதுபத்தி ஆகியவற்றின் அருகில் வேண்டாம். வேர் மற்ற வாடையை வாங்கிக்கொள்ளும். எண்ணெயைக் கண்ணாடி அல்லது அலுமினியப் புட்டியில், வெளிச்சம் படாமல், வாய்வரை நிரப்பி வையுங்கள். சாதாரண பிளாஸ்டிக் வேண்டாம்.

பானையில் போடக் கேட்பவருக்குச் சாயமோ எசன்சோ ஏற்றிய அலங்கார வேரைக் கொடுக்கவே கூடாது. அது வயிற்றுக்குள் போகும் தண்ணீர். சர்பத், எசன்ஸ் விற்கும்போது செயற்கை மணமும் நிறமும் சேர்த்தவை என்றால் அது லேபிளில் இருக்க வேண்டும். நாமும் கேட்பவரிடம் மறைக்காமல் சொல்ல வேண்டும்.

வெட்டிவேர் வாங்க வருபவர் வருஷத்துக்கு ஒருமுறைதான் வருகிறார். பானைத் தண்ணீர் கோடை முழுவதும் மணந்தால் அடுத்த பங்குனியில் நம் கடையையே தேடி வருவார். இரண்டாம் நாளே மணம் போனால் எதிர்க்கடைக்குப் போவார். வேரின் உள்ளே இருப்பது என்ன என்று தெரிந்து வாங்குவோம்; அதைச் சொல்லியே விற்போம்.