நாற்பதுக்கு மேல் ஒரு சைக்கிள்

"எல்லோருக்கும் செய்தாகி விட்டது. எனக்கென்று என்ன இருக்கிறது?" நாற்பதைத் தாண்டிய பெண்களில் இப்படி நினைக்காதவர் உண்டா? பிள்ளைகள் வளர்ந்து விடுகிறார்கள். மாதவிலக்கு முன்பின்னாகிறது, தூக்கம் குறைகிறது, காரணமில்லாமல் அழுகை வருகிறது. அதற்காக வீட்டை விட்டு ஓடவா முடியும்? கடைத்தெரு வரை யார் தயவுமில்லாமல் போய் வர முடிந்தாலே பாதி பாரம் இறங்கி விடும்.

இதை நன்றாகக் காட்டியவர்கள் புதுக்கோட்டைப் பெண்கள். 1991-ல் அங்கே அறிவொளி இயக்கம் எழுத்தறிவு வகுப்புகளை நடத்தியபோது, அப்போதைய கலெக்டர் ஷீலா ராணி சுங்கத் சைக்கிளையும் பாடத்தோடு சேர்த்தார். வயல்வேலை செய்கிறவர்கள், கல் உடைக்கிறவர்கள், நர்சுகள் என்று ஆயிரக்கணக்கானோர் ஏறிப் பழகினார்கள். லேடீஸ் சைக்கிள் போதாமல் ஆண்கள் சைக்கிளையே ஓட்டினார்கள். முன் கம்பியில் குழந்தையை உட்கார வைக்கலாமே! 1992 மகளிர் தினத்தை ஒட்டி 1,500-க்கும் மேற்பட்ட பெண்கள் மணியடித்துக்கொண்டு ஊர்வலம் போனார்கள். தண்ணீருக்கும் சந்தைக்கும் போக, பஸ்ஸுக்கோ புருஷனுக்கோ காத்திருப்பது குறைந்தது.

எங்கள் திருத்தணியில் கிருத்திகையன்று பஸ்ஸில் கால் வைக்க இடமிருக்காது. இரண்டு மைலில் இருக்கும் அம்மாவுக்கு மாத்திரை கொடுத்து வரக்கூட இவருக்கு லீவு வரணும். ப்ளஸ் ஒன்னில் மகளுக்கு அரசாங்கம் கொடுத்த இலவச சைக்கிள், அவள் காலேஜ் போனதும் திண்ணையில் சும்மா கிடந்தது. 43 வயதில் அதில் ஏறினேன். "ஈ வயசுலோ எந்துகம்மா?" என்றார் பக்கத்து வீட்டுத் தெலுங்குக்கார மாமி. "விழுந்து கையை ஒடிச்சுக்காதே" என்றார் இவர். பத்தாம் நாள் தனியாகப் போய் அம்மா வாசலில் மணியடித்தேன். "யாரோட வந்தே?" என்று கேட்டாள். "நானேதாம்மா!" என்றேன்.

பழகுகிறவர்களுக்குச் சில யோசனைகள்:

இரண்டு காலும் தரையில் ஊன்றும்படி சீட்டை இறக்கிக்கொள்ளுங்கள். முதலில் பெடலை மிதிக்காமல், காலால் உந்தித் தள்ளியே பாலன்ஸ் பழகுங்கள். முந்தானையை இழுத்துச் செருகுங்கள். செயினுக்கு மூடி அவசியம். வாரத்தில் ஐந்து நாள் அரை மணி நேரம் ஓட்டினால், டாக்டர்கள் சொல்லும் 150 நிமிட உடற்பயிற்சியும் ஆயிற்று. மூட்டு வலி, ரத்தக் கொதிப்பு உள்ளவர்கள் டாக்டரைக் கேட்டுத் தொடங்கவும். உதிரப்போக்கு அதிகமிருந்தால் 'வயசுக் கோளாறு' என்று விட்டு விடாமல் உடனே காட்டுங்கள்.

சைக்கிள் பிடிக்காவிட்டால், பாதியில் விட்ட படிப்போ தையலோ எதையாவது எடுங்கள். அந்த அரை மணியை மட்டும் யாருக்கும் விட்டுக் கொடுக்காதீர்கள்.