மலைமேல் ஒரு கடல்: டிட்டிகாகா ஏரியில் நான்கு நாள்கள்

தென் அமெரிக்காவின் ஆண்டிஸ் மலைத்தொடர், பெருவின் தென்பகுதியில் இரண்டாகப் பிரிந்து செல்கிறது. இரு கிளைகளுக்கும் நடுவே அல்திப்பிளானோ எனப்படும் பரந்த மேட்டுநிலம் உள்ளது. பெரு, பொலிவியா ஆகிய இரு நாடுகளுக்கும் பொதுவான டிட்டிகாகா ஏரி அம்மேட்டுநிலத்தில்தான் விரிந்து கிடக்கிறது. கடல்மட்டத்திலிருந்து அதன் உயரம் 3,812 மீட்டர். நம் லே நகரைவிடவும் ஏறத்தாழ 300 மீட்டர் கூடுதல். நீளம் சுமார் 190 கிலோமீட்டர். பரப்பு 8,300 சதுர கிலோமீட்டர் அளவிலானது. மழைக்காலத்தில் நிறைந்து நிற்கும் சிலிக்கா ஏரியைப்போல் ஏழு மடங்கு. கரையில் நின்று பார்த்தால் எதிர்க்கரை தெரியாத இடங்கள் பல. மலைமேல் ஒரு கடல் என்று சொல்வதில் மிகையில்லை.

இந்த ஏரியையும் அதன் தீவுகளையும் வழிகாட்டியுடன் நான்கு நாள்கள் சுற்றிவந்தோம். நீல நீரையும் பனிச்சிகரங்களையும் காணும் ஆவலில்தான் புறப்பட்டோம். ஆனால், எங்களை மிகுதியும் சிந்திக்கவைத்தவர்கள் தீவுகளில் வாழும் மக்களே. தம்மைத் தேடிவரும் விருந்தினரையும், விருந்தினர் தரும் பணத்தையும் அவர்கள் தமக்குள் பங்கிட்டுக்கொள்ளும் முறை, ஒரு வங்கியின் இதழில் எழுதத் தக்கது என்று எங்களுக்குத் தோன்றியது.

மூச்சு பழகும் வரை

பெருவின் தலைநகர் லிமாவிலிருந்து விமானத்தில் ஹூலியாக்கா நகருக்கும், அங்கிருந்து சாலை வழியே ஒரு மணி நேரத்தில் ஏரிக்கரை நகரான புனோவுக்கும் சென்றோம். கடற்கரை நகரிலிருந்து சில மணி நேரத்தில் இவ்வளவு உயரத்துக்குச் சென்றால் உடல் உடனே இணங்காது. இங்கே காற்றழுத்தம் கடல்மட்டத்தில் உள்ளதில் மூன்றில் இரண்டு பங்குக்கும் சற்றுக் குறைவு. படியேறினால் மூச்சு வாங்கும், தலை கனக்கும், உறக்கம் பிடிக்காது. எனவே படகில் ஏறுமுன் இரண்டு நாள்கள் புனோவிலேயே தங்கினோம். மெல்ல நடப்பது, குறைவாக உண்பது, நிறைய நீர் அருந்துவது என்பவையே வழிகாட்டி எங்களுக்கு விதித்த கட்டளைகள்.

அந்த இரண்டு நாள்களில் ஒரு கப்பலின் கதையைக் கேட்டோம். இங்கிலாந்தில் செய்யப்பட்ட யாவரி என்னும் நீராவிக்கப்பல், ஆயிரக்கணக்கான துண்டுகளாகப் பிரிக்கப்பட்டுக் கடல் கடந்து வந்தது. பின்னர் கோவேறு கழுதைகளின் முதுகில் ஆண்டிஸ் மலைகளின் மீது ஏற்றப்பட்டு, இங்கே மீண்டும் பூட்டப்பட்டு, 1870இல் ஏரியில் இறக்கப்பட்டது.

நம் நீலகிரிக்கும் இவ்வூருக்கும்கூட ஒரு பழைய தொடர்பு உண்டு. மலேரியாவுக்கு மருந்தான சின்கோனா மரக்கன்றுகளைத் தேடி, கிளெமென்ட்ஸ் மார்க்கம் என்னும் ஆங்கிலேயர் 1860இல் புனோ வழியாகவே மலைக்காடுகளுக்குச் சென்றார். தென் அமெரிக்காவின் பல பகுதிகளில் அவர் தலைமையில் நடந்த அத்தேடலின் பயனாகவே உதகமண்டலத்திலும் நடுவட்டத்திலும் சின்கோனாத் தோட்டங்கள் தோன்றின.

கோரையின்மேல் ஒரு குடியிருப்பு

முதல் நாள் காலை புனோ துறையிலிருந்து புறப்பட்ட படகு, அரைமணி நேரத்தில் ஊரோஸ் மக்களின் மிதக்கும் தீவுகளை அடைந்தது. டொடோரா என்னும் கோரை, இங்கே ஏரியின் ஆழமற்ற பகுதிகளில் அடர்ந்து வளர்கிறது. அதன் வேர்கள் மண்ணோடு பின்னிய கட்டிகளை அறுத்தெடுத்து, ஒன்றோடொன்று கயிற்றால் பிணைத்து, அவற்றின் மேல் அறுத்த கோரையை மாற்றி மாற்றிப் பரப்புகிறார்கள். அதுவே தீவு. காற்று அடித்துச் செல்லாதிருக்க அதனைக் கயிறு கட்டி நிலைநிறுத்துகிறார்கள். அடியில் உள்ள கோரை அழுகிக்கொண்டே இருப்பதால் மேலே புதிய கோரையை இட்டுக்கொண்டே இருக்க வேண்டும். வீடும் கோரை, படகும் கோரை. தண்டின் வெண்ணிற அடிப்பகுதி உணவுமாகும். கால் வைத்தால் மெத்தைபோல் சற்று அமிழ்ந்து எழும் அத்தரையில் நடக்க முதலில் தயங்கினோம்.

இம்மக்கள் ஒரு காலத்தில் மீனும் பறவையும் பிடித்து வாழ்ந்தவர்கள். இன்று இவர்களுடைய வாழ்வு பெரும்பாலும் பயணிகளை நம்பியே நடக்கிறது. ஒரு படகு ஒரு தீவில் நிற்பது அரைமணி நேரம். அதற்குள் விளக்கம், பாட்டு, கைவினைப்பொருள் விற்பனை அனைத்தும் முடிந்தாக வேண்டும். இதைக் காட்சிக்கூடம் என்று குறைகூறுவோர் உண்டு. ஆனால், கூரைகளின் அருகே சூரியமின் தகடுகளையும், பள்ளிக்குச் செல்லப் படகில் ஏறிய சிறுவர்களையும் பார்த்தபோது, இது மக்கள் உண்மையாகவே வாழும் இடம் என்பதை உணர்ந்தோம்.

அமந்தானி: முறை வைத்து விருந்தோம்பல்

அங்கிருந்து மூன்று மணி நேரப் படகுப் பயணத்தில் அமந்தானி. கெச்சுவா மொழி பேசும் வேளாண்குடிகளின் தீவு இது. மோட்டார் வாகனங்கள் இல்லை. துறையில் எங்களுக்காகக் காத்திருந்த குடும்பத்தலைவியர், வழிகாட்டி பெயர் சொல்லி அழைக்க, இருவர் மூவராக எங்களைத் தத்தம் வீடுகளுக்கு அழைத்துச் சென்றனர்.

எந்த விருந்தினர் எந்த வீட்டில் தங்குவது என்பதை ஊர்ப் பொறுப்பாளர்கள் முறை வைத்துத் தீர்மானிப்பது இங்குள்ள வழக்கம். இன்று ஒரு வீட்டுக்கு வாய்ப்புக் கிடைத்தால், முறை சுற்றிவரும்வரை அவ்வீடு காத்திருக்கும். நல்ல கட்டில் வாங்க முடிந்தவருக்கே எல்லா விருந்தினரும் போய்ச் சேர்ந்துவிடாமல் இம்முறை காக்கிறது. ஆயினும் சில சுற்றுலா முகவர்கள் ஊர்முறையைக் கடந்து, தமக்கு வேண்டிய சில குடும்பங்களுக்கே விருந்தினரை அனுப்புவதாகவும், பயணியிடம் பெறும் தொகையில் சிறு பங்கே வீட்டாருக்குச் சேர்வதாகவும் வழிகாட்டி வருத்தத்தோடு கூறினார்.

நாங்கள் தங்கிய வீட்டில் கீன்வா தானியத்தில் செய்த கஞ்சி, அவித்த உருளைக்கிழங்கு, பொரித்த பாலாடைக்கட்டி, முன்யா என்னும் மூலிகையிட்ட வெந்நீர் ஆகியவை உணவாகக் கிடைத்தன. புலால் உண்ணாதவர்களுக்கு இத்தீவில் கவலையில்லை. உருளைக்கிழங்கை மனிதர் முதன்முதலாகப் பயிர்செய்தது இந்த ஏரியைச் சூழ்ந்த மேட்டுநிலத்தில்தான் என்று ஆய்வாளர்கள் கருதுகின்றனர். இரவு உறைபனியிலும் பகல் வெயிலிலும் மாறி மாறிக் கிடத்தி, மிதித்து நீரைப் பிழிந்து, ஆண்டுக்கணக்கில் கெடாத சூன்யோ என்னும் உலர்கிழங்காக்கும் முறையும் இங்கு உண்டு. "உங்கள் நாட்டிலும் உருளைக்கிழங்கு விளையுமா?" என்று வீட்டுத்தலைவி கேட்க, வழிகாட்டி மொழிபெயர்த்தார். எங்கள் மலைகளிலும் விளைகிறது. அது உங்களிடமிருந்து வந்ததுதான் என்றோம். அவர் மகிழ்ந்து இன்னும் இரண்டு கிழங்குகளைத் தட்டில் வைத்தார்.

மாலையில் தீவின் உச்சிக்கு ஏறினோம். அங்கே இரண்டு குன்றுகள். ஒன்றில் பச்சதாதா எனப்படும் தந்தைக்கும், மற்றொன்றில் பச்சமாமா எனப்படும் நிலத்தாய்க்கும் கோயில்கள். ஆண்டுக்கொருமுறை சனவரி விழாவில் மட்டுமே அவை திறக்கப்படும். கதிரவன் மறைந்ததும் குளிர் ஈட்டிபோல் இறங்கியது. அன்றிரவு மூன்று கம்பளிகளும் போதவில்லை.

தக்கீலே: பின்னும் ஆண்கள், பேரமில்லாக் கடை

இரண்டாம் நாள் தக்கீலே தீவு. படகுத்துறையிலிருந்து ஊருக்கு ஐந்நூற்றுக்கும் மேற்பட்ட கற்படிகள். ஒவ்வொரு திருப்பத்திலும் நின்று நின்றே ஏறினோம். இங்கே ஆண்கள் நடந்துகொண்டே கம்பளிக் குல்லாய் பின்னுகிறார்கள். பெண்கள் நூல் நூற்று, அரைக்கச்சைகளை நெய்கிறார்கள். ஒருவர் திருமணமானவரா என்பதைக் குல்லாயின் நிறமே சொல்லிவிடும். சில கச்சைகளில் உழவு, விதைப்பு, விழா என்று ஆண்டின் பன்னிரண்டு மாதங்களும் உருவங்களாக நெய்யப்பட்டிருக்கும். இத்தீவின் நெசவுக்கலையை யுனெஸ்கோ 2005இல் மனிதகுலத்தின் அரிய மரபுச்செல்வமாக அறிவித்தது.

ஊர்ச் சதுக்கத்தில் உள்ள கடை ஊரார் அனைவருக்கும் பொது. ஒவ்வொரு பொருளிலும் செய்தவரின் பெயரும் விலையும் எழுதப்பட்டுள்ளன. விலை ஒன்றே, பேரம் இல்லை. விற்ற தொகை செய்தவருக்குச் சேரும். ஒரு சிறு பங்கு பொது நிதிக்குப் போகும். உணவு விடுதிகளும் முறை வைத்தே நடக்கின்றன.

இந்த ஒழுங்கின் பின்னே நீண்ட வரலாறு உண்டு. ஒரு காலத்தில் இத்தீவின் நிலம் பெருநிலக்கிழார்களுக்கு உரியது. 1930களில் தொடங்கி, தீவுமக்கள் சிறுகச் சிறுகப் பணம் சேர்த்துத் தம் சொந்த மண்ணை விலைகொடுத்து மீட்டனர். 1970களின் பிற்பகுதியில் பயணிகள் வரத் தொடங்கியபோது, கூட்டுறவாகப் படகுகள் செய்து, பயணிகளை ஏற்றிவரும் தொழிலைத் தம்மிடமே வைத்துக்கொண்டனர். 1990களில் அரசு கொண்டுவந்த தடையற்ற போட்டிக் கொள்கையால் அவ்வுரிமை போயிற்று. புனோவின் முகவர்கள் விரைவுப் படகுகளோடு வந்தனர். பயணிகள் பெருகினர், தீவுக்குக் கிடைத்த பங்கோ சுருங்கிற்று. மதிய உணவுக்கு இரண்டு மணி நேரம் மட்டும் இறங்கிச் செல்பவர்கள் இன்று பலர்.

சூரியன் பிறந்த தீவு

புனோவுக்குத் திரும்பி, மூன்றாம் நாள் காலை பேருந்தில் எல்லை கடந்து பொலிவியாவின் கோப்பகபானாவுக்குச் சென்றோம். கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னே தள்ளிவைக்க வேண்டியிருந்தது. கடற்கரையைப் பத்தொன்பதாம் நூற்றாண்டுப் போரில் இழந்துவிட்ட பொலிவியா, இன்றும் ஒரு கடற்படையை வைத்திருக்கிறது. அதன் கலங்கள் இந்த ஏரியில் இயங்குவதைக் காணலாம்.

கோப்பகபானாவிலிருந்து படகில் இஸ்லா தெல் சோல், அதாவது சூரியத் தீவு. சூரியன் பிறந்ததும், இன்கா அரசகுலத்தின் முதல்வரான மான்கோ கபாக்கும் மாமா ஒக்கியோவும் தோன்றியதும் இங்கேதான் என்பது இன்காக்களின் தொல்கதை. தென்பகுதியின் யுமானி ஊரில், இன்காக் காலப் படிகளின் அருகே மூன்று வாய்களில் நீர் விழும் ஊற்றைக் கடந்து ஏறி, ஒரு சிறு விடுதியில் தங்கினோம். இரவில் எதிரே கொர்தியேரா ரியால் தொடரின் பனிச்சிகரங்கள் நிலவொளியில் தெரிந்தன.

தீவின் வடகோடியில்தான் புனிதப் பாறை உள்ளது. சுற்றுலாவையும் அதன் வருவாயையும் குறித்துத் தீவின் ஊர்களுக்கிடையே எழுந்த பூசலால், 2017 முதல் சில ஆண்டுகள் வடக்கே செல்லும் பாதை பயணிகளுக்கு மூடப்பட்டிருந்தது. ஒரே தீவு, ஒரே மொழி, ஒரே தெய்வங்கள்; ஆயினும் வருவாய்ப் பங்கீட்டில் உடன்பாடு இல்லாதபோது எல்லாருடைய வருவாயும் நின்றுபோயிற்று. தக்கீலேயின் பொதுக்கடையைப் பார்த்துவிட்டு வந்த எங்களுக்கு இச்செய்தியின் பொருள் நன்கு விளங்கியது.

நான்காம் நாள் அருகிலுள்ள சந்திரத் தீவில், இன்காக் காலத்தில் தேர்ந்தெடுக்கப்பட்ட பெண்கள் வாழ்ந்த மாடத்தின் சுவர்களைக் கண்டு கரை திரும்பினோம்.

ஏரியின் நலம்

ஏரிக்கு வரும் நீரில் மிகப் பெரும் பங்கு ஆவியாகவே வெளியேறுகிறது. தெசாகுவாதெரோ என்னும் ஆற்றின் வழியே வெளியேறுவது சிறு பங்கே. ஆகவே மழை பொய்த்தால் நீர்மட்டம் விரைவில் தாழ்கிறது. கழிவு கலந்தால் எளிதில் அகல்வதில்லை. 2023இல் நீர்மட்டம் வெகுவாகத் தாழ்ந்து, படகுகள் சேற்றில் நின்றன. இந்த ஏரிக்கே உரிய பெருந்தவளைகள் 2016இல் கோவாத்தா ஆற்றில் ஆயிரக்கணக்கில் இறந்து கிடந்தன. புனோ விரிகுடாவில் நகரக் கழிவு நீரின் பாதிப்பை நாங்களே கண்டோம். தீவுகளுக்குக் கொண்டுசெல்லும் நெகிழிப் புட்டிகளைத் திரும்பக் கொண்டுவருவது விருந்தினரின் கடமை.

புறப்படும் முன்

மே முதல் அக்டோபர் வரை வானம் தெளிவாக இருக்கும். சூன், சூலையில் இரவுக்குளிர் உறைநிலைக்கும் கீழே செல்லும். இதய, நுரையீரல் நோயுள்ளோர் மருத்துவரைக் கலந்தே முடிவு செய்க. பெரு, பொலிவியா ஆகியவை மஞ்சள் காய்ச்சல் நாடுகளின் பட்டியலில் இருப்பதால், பயணத்துக்குப் பத்து நாள்களுக்கு முன்பே தடுப்பூசி இட்டுச் சான்றிதழை உடன் வைத்திருங்கள். சான்றிதழின்றித் திரும்பினால் இந்தியாவில் தனிமைப்படுத்தப்பட நேரிடும். உயரத்துக்கு இதமென்று அங்கே கோக்கா இலைத் தேநீர் தருவார்கள். அவ்விலையை நம் நாட்டுக்குக் கொண்டுவருவது போதைப்பொருள் சட்டப்படி குற்றம்.

தீவுகளில் பணம் எடுக்கும் இயந்திரங்களை எதிர்பார்க்க வேண்டாம். பயண அட்டையிலிருந்து புனோவிலேயே உள்ளூர் நாணயம் எடுத்து, சிறு மதிப்புத் தாள்களாகவும் காசுகளாகவும் மாற்றிக்கொள்ளுங்கள். வெளிநாட்டுச் சுற்றுலாத் தொகுப்புக்குச் செலுத்தும்போது வசூலிக்கப்படும் வரியை, வருமானவரிக் கணக்கு அளிக்கும்போது ஈடுசெய்துகொள்ளலாம் என்பதால் அதற்கான சான்றைப் பாதுகாத்து வைப்பது நல்லது.

முகவரிடம் தொகையைச் செலுத்துமுன் மூன்று கேள்விகளைத் தவறாமல் கேளுங்கள். தங்கும் வீடு ஊர்முறைப்படி ஒதுக்கப்படுவதா? வீட்டாருக்கு எவ்வளவு, எப்போது தரப்படுகிறது? தீவில் ஓர் இரவேனும் தங்க இயலுமா? பதில் தெளிவாக வந்தால் அந்தப் பயணத்தைத் தேர்ந்தெடுக்கலாம். தெளிவில்லையெனில், தங்குவதற்கும் உணவுக்கும் உரிய தொகையை வீட்டுத்தலைவியின் கையிலேயே நேரில் தரும் வகையில் ஏற்பாடு செய்துகொள்ளுங்கள். புனோவில் அதற்கு இசையும் வழிகாட்டிகள் இருக்கிறார்கள்.