சுவருக்குள் மறையும் கதவு: முதலில் ஒயரை மாற்றுங்கள்

கடைக்கும் குடோனுக்கும் நடுவே 3 அடி அகலக் கதவு இருந்தால், அது திறந்து மூட ஏறத்தாழ 7 சதுர அடி இடத்தைக் காலியாக விட வேண்டியிருக்கிறது. அந்த இடத்தில் அரிசி மூட்டைகளை அடுக்கலாமே என்று கருதும் வணிகர்கள், சுவருக்குள் தள்ளி மறைக்கும் கதவை நாடுகின்றனர். நல்ல யோசனைதான். ஆனால் ஸ்விட்ச் போர்டு பெரும்பாலும் கதவையொட்டியே இருக்கும்; கதவு மறைய வேண்டிய இடமும் அதுவே. ஒயரை மாற்றாமல் கதவைப் பொருத்தக்கூடாது என்பதையே நாம் வலியுறுத்துகிறோம்.

3 அடிக் கதவு மறைய, வாசலையொட்டி 3 அடிக்கு மேல் சுவர் வேண்டும். 4½ அங்குலச் செங்கல் சுவரைக் குடைந்து இடம் செய்ய முடியாது. அப்பகுதியை எடுத்துவிட்டு, சட்டம் அமைத்து இருபுறமும் பலகை அடிக்க வேண்டும். 9 அங்குலச் சுவர் மேல்தளத்தைத் தாங்குவதாக இருக்கலாம். பொறியாளரைக் கேளாமல் கை வைக்கக்கூடாது. வாடகைக் கடையானால் உரிமையாளரின் சம்மதத்தை எழுத்தில் பெறுவது நலம்.

மெயினை அணைத்துவிட்டோம், இனி பயமில்லை என்று இருந்துவிடக் கூடாது. இன்வெர்ட்டர் உள்ள கடையில் அதன் பிறகும் சில ஒயர்களில் மின்சாரம் இருக்கும். அதையும் நிறுத்தி, உரிமம் பெற்ற எலக்ட்ரீஷியன் ஒவ்வோர் ஒயரையும் சோதித்த பின்னரே சுவரில் உளி படவேண்டும். ஸ்விட்ச் போர்டை வாசலின் மறுபக்கத்துக்கு மாற்றி, ஒயர்களைக் குழாய்க்குள் விட்டு, கதவு ஓடும் ரெயிலுக்கு மேலாகக் கொண்டு செல்லலாம். ஒயர் இணைப்பைச் சுவருக்குள் புதைக்காமல், திறந்து பார்க்கக்கூடிய பெட்டியில் வைக்க வேண்டும்.

கதவு ஓடும் வெற்றிடத்தில் ஒரு ஒயர்கூட இருக்கலாகாது. நாள்தோறும் கதவு உரசி மேலுறை தேய்ந்தால் தீப்பொறி பறக்கும். சாக்கும் அட்டைப்பெட்டியும் எண்ணெயும் நிறைந்த குடோனில் அந்தப் பொறி ஒன்றே போதும். மின்கசிவு நேர்ந்தால் தானே அணையும் 30 மில்லி ஆம்பியர் டிரிப்பரும் கடைக்கு அவசியம்.

பலகையை மூடும் முன் ஒயர் செல்லும் வழியைப் படம் எடுத்து, அளவுடன் குறித்து வைத்துக்கொள்ளுங்கள். பின்னாளில் காலண்டர் மாட்ட ஆணி அடிக்கும் கடைப் பையனுக்கு அந்தக் குறிப்பே காவல்.

ஒயரை மாற்ற வழியில்லையா? சுவருக்கு வெளியே மேல் ரெயிலில் ஓடும் தள்ளு கதவு போதும். அந்தப் பக்கச் சுவரில் ஷெல்ப் வைக்க முடியாது என்பது ஒன்றுதான் குறை. அதற்கும் போல்ட் துளையிடும் முன் ஒயர் எங்கே போகிறது என்று பார்த்துக்கொள்ள வேண்டும். இட மிச்சத்தை விடக் கடையும் அதில் நிற்பவர்களும் பெரிது.