புன்னகைக்குப் பின்னால்

பார்வையாளர் நேரம் நெருங்கும்போது நோயாளி முகம் கழுவி, தலை வாரி, நிமிர்ந்து அமர்கிறார். வெளியே நடைபாதையில் நின்று அழுத மனைவி, கண்களைத் துடைத்துக்கொண்டு சிரித்த முகத்துடன் உள்ளே நுழைகிறார். "எப்படி இருக்கிறீர்கள்?" "எனக்கென்ன, நன்றாகத்தான் இருக்கிறேன்." உண்மை இருவருக்கும் தெரியும், இருவரும் சொல்வதில்லை.

அமெரிக்கச் சமூகவியலாளர்கள் பார்னி கிளேசரும் ஆன்செல்ம் ஸ்டிராஸும் மருத்துவமனைகளில் இதனைக் கூர்ந்து கவனித்து, 1965இல் வெளியிட்ட நூலில் 'பரஸ்பரப் பாசாங்கு' எனப் பெயரிட்டனர். இது அன்பினால் பிறப்பதே. ஆயினும், துணை மிகவும் வேண்டிய நேரத்தில் இருவரையும் தனிமைப்படுத்திவிடுகிறது.

மறைப்பதால் துயரம் குறைவதுமில்லை. உளவியலாளர்கள் ஜேம்ஸ் கிராஸ், ராபர்ட் லெவன்சன் ஆகியோர் 1997இல் வெளியிட்ட ஆய்வில், சோகமான திரைக்காட்சியைப் பார்த்தபோது உணர்ச்சியை முகத்தில் காட்டாது அடக்கியவர்களுக்குச் சோகம் தணியவில்லை. மாறாக, இதயமும் இரத்த நாளங்களும் கூடுதலாகத் தூண்டப்பட்டன.

"மனம் தளர்ந்தால் நோய் முற்றிவிடும்" என்று அன்பர்கள் எச்சரிப்பதுண்டு. அதனைக் கேட்கும் நோயாளி, நோயின் சுமையோடு குற்ற உணர்வையும் சுமக்கிறார். புற்றுநோயாளிகளின் மனநலத்திற்கென ஒரு தனித்துறையை வளர்த்தெடுத்த மருத்துவர் ஜிம்மி ஹாலந்து, எப்போதும் நேர்மறையாகவே எண்ண வேண்டும் என்னும் வற்புறுத்தலைக் கொடுங்கோன்மை என்றே குறிப்பிட்டார். அழுவது தோல்வியன்று.

எல்லாரிடமும் எல்லாவற்றையும் சொல்ல வேண்டியதில்லை. நம்பிக்கைக்குரிய ஒருவரிடம் உண்மையான ஒரு வாக்கியம் சொன்னால் போதும். "இன்று எனக்குப் பயமாக இருக்கிறது" என்பது அத்தகையது. உறவினரும் "அழாதீர்கள், தைரியமாக இருங்கள்" என்று உடனே தடுக்காமல், கையைப் பற்றிக்கொண்டு அருகில் அமர்ந்து கேட்கலாம்.

மருத்துவரிடமும் செவிலியரிடமும் மட்டும் எதையும் மறைக்காதீர்கள். வலியைச் சிரிப்பால் மூடினால், மருந்தின் அளவை எவ்வாறு சரிசெய்வது? மன வேதனையையும் எண்ணால் சொல்லலாம்: வேதனையே இல்லையெனில் 0, தாங்க இயலாததெனில் 10. 4 அல்லது அதற்கு மேல் எனில், அது கவனிக்கப்பட வேண்டியது. இரண்டு வாரங்களுக்கு மேல் உறக்கமின்மையும் நம்பிக்கையிழப்பும் நீடித்தால் மனநல மருத்துவரைக் காணுங்கள். வீடு திரும்பிய பின் எந்நேரமும் 14416 என்னும் அரசின் டெலி மனாஸ் எண்ணை அழைக்கலாம்.

உங்கள் புன்னகை எங்களுக்கு மகிழ்ச்சியே. ஆனால், அதனை எங்களுக்காக வரவழைக்க வேண்டியதில்லை.