டிரிம் கோட்டையின் நடுக்கோபுரம்: அரணும் அதிகாரமும்

அயர்லாந்தின் போய்ன் ஆற்றங்கரையிலுள்ள டிரிம் கோட்டை, 1172இல் இங்கிலாந்து மன்னர் இரண்டாம் ஹென்றியிடமிருந்து மீத் நிலப்பகுதியைப் பெற்ற ஹியூ டி லேசியால் தொடங்கப்பட்டது. முதலில் எழுந்த மர அரண், ஐரிஷ் மன்னர் ரோரி ஓ கானரின் படையெடுப்பில் அழிந்தது. பின்னர் எழுந்த கற்கோபுரம், சதுர நடுப்பகுதியும் பக்கத்திற்கொன்றாக நான்கு துணைக்கோபுரங்களும் கொண்டு, 20 மூலைகளுடன் சிலுவை வடிவில் அமைந்தது. துணைக்கோபுரங்களுள் மூன்றே இன்று எஞ்சியுள்ளன.

மூலைகள் மிகுந்தால் காவலர் பார்வைக்கு எட்டாத மறைவிடங்களும் மிகும். முற்றுகையைத் தாங்க இவ்வடிவம் ஏற்றதன்று. லெய்ன்ஸ்டரில் வலுப்பெற்றுவந்த ஸ்டிராங்போவைக் கட்டுப்படுத்தவே மீத் வழங்கப்பட்டது என்பதை நோக்க, கோபுரம் பாதுகாப்பினும் ஆட்சியுரிமையையே பறைசாற்றியது எனலாம். சுவர்த்துளைகளில் எஞ்சியிருந்த சாரமரங்களின் ஆண்டு வளையங்கள், கட்டுமானம் 1175 அளவில் தொடங்கி, இடைவெளிகளுடன் 1204 வரை நீண்டதைக் காட்டுகின்றன. ஹியூ 1186இல் கொலையுண்டார். எஞ்சிய பணி அவர் மகன் வால்டர் காலத்தது.