நொடி அவிழ்க்கும் அறிவும் கணினிக்குக் காவலும்

பொழுது பட்டு விளக்கேற்றிய பின், இராச் சாப்பாட்டுக்கு முன்னுள்ள சிறிய இடைவேளையில், திண்ணையிலிருந்து ஆச்சிமார் பேரப்பிள்ளைகளுக்கு நொடி சொன்ன காலம் ஒன்று நம்மிடையே இருந்தது. ஏட்டில் விடுகதை என்று எழுதப்படுவதையே நம் ஊர்ப் பேச்சில் நொடி என்கிறோம். விடை சொல்ல இயலாத பிள்ளை தோல்வியை ஒப்புக்கொள்ளும். ஆச்சி வெற்றிச் சிரிப்புடன் முடிச்சை அவிழ்ப்பார். அவ்விளையாட்டு வெறும் பொழுதுபோக்கென்றே நாமும் நெடுங்காலம் எண்ணியிருந்தோம். அவ்வெண்ணத்தை மாற்றியவர் எம்மிடம் முன்னாளிற் கற்ற மாணவர் ஒருவர்.

அவருடைய தகப்பனார் வெங்காயச் செய்கை பண்ணுபவர். மகன் கணினிக் கல்வி முடித்து, இணையப் பாதுகாப்புத் துறையில் வேலை தேட விரும்பினார். அதற்கு உலகெங்கும் ஒப்புக்கொள்ளப்படும் சான்றிதழ்களுள் ஒன்றான கொம்ப்டியா நிறுவனத்தின் ‘செக்கியூரிட்டி பிளஸ்’ பரீட்சைக்கு அமர்ந்தார். கட்டணம் டொலர்க் கணக்கில் அமைவது. ஒரு போகத்து வெங்காயத்தின் இலாபம் அதற்கே சரியாயிற்று. பரீட்சையிலோ அவர் தேறவில்லை. மறுமுறை அமர்வதற்கும் முழுக் கட்டணமே செலுத்தல் வேண்டும்.

ஒருநாள் மாலை எம் வீட்டுக்கு வந்தவர், “சேர், புத்தகம் முழுவதும் எனக்குப் பாடம். ஆனால் கேள்வியைக் கண்டால் நாலு விடையும் சரியாகவே தெரிகின்றன. நான் என்ன செய்ய?” என்றார்.

எமக்குக் கணினியிற் புலமை இல்லை. தமிழ் கற்பிப்பதே எம் தொழில். ஆயினும் பரீட்சையின் அமைப்பைக் கேட்டறிந்தோம். 2023ஆம் ஆண்டு நவம்பரில் வெளிவந்த பாடத்திட்டத்தின்படி 90 நிமிடங்களில் அதிகபட்சம் 90 வினாக்கள். 100 முதல் 900 வரையுள்ள அளவுகோலிற் குறைந்தது 750 பெற்றாற்றான் தேர்ச்சி. சில வினாக்கள் செய்முறை வடிவினவாகலின் அவற்றுக்கு நேரம் கூடுதலாகச் செல்லும். ஏனையவற்றுக்கு ஒரு நிமிடமும் முழுதாய்க் கிட்டாது.

பரீட்சை வினாக்களை வெளியிடுதல் விதிக்கு முரணாதலால், அவற்றின் போக்கில் ஒரு வினாவைத் தாமே ஆக்கிக் காட்டும்படி கேட்டோம். அவர் ஆக்கியது இது: “ஓர் அலுவலகக் கணினியிற் கோப்புகள் யாவும் பூட்டப்பட்டு, பணம் தந்தால் திறப்போம் என்ற மிரட்டல் தோன்றுகிறது. முதலிற் செய்ய வேண்டியது யாது? ஒன்று, சேமித்து வைத்த பிரதியிலிருந்து கோப்புகளை மீட்டல். இரண்டு, அக்கணினியை வலையமைப்பிலிருந்து துண்டித்தல். மூன்று, தீநிரலை அகற்றுதல். நான்கு, ஊழியருக்குப் பயிற்சி அளித்தல்.”

நான்கும் நல்ல செயல்களே. நான்கும் செய்யப்பட வேண்டியனவே. ஆனால் வினாவின் பூட்டு ‘முதலில்’ என்னும் சொல்லில் இருக்கிறது. தீப்பற்றிய வீட்டிற் புதுக்கூரை வேய்வார் உண்டோ? தீ அயல்வீட்டுக்குத் தாவாமல் தடுப்பதன்றோ முதற்காரியம்? ஆகவே இரண்டாவதே விடை. அதன் பின்னரே அகற்றுதலும், மீட்டலும், படிப்பினை பெறுதலும் முறையே வரும். இவ்வரிசை அம்மாணவருக்குத் தெரியாததன்று. தெரிந்திருந்தும், வினாவிலுள்ள ஒரு சொல்லை விரைவிலே தாண்டிச் சென்றமையாற் பல இடங்களில் வழுக்கி விழுந்திருக்கிறார்.

அப்பொழுது ஆச்சியின் நொடி எமக்கு நினைவுக்கு வந்தது. “தம்பி, ஓடாத ஆறு எது?” என்று கேட்டோம். வரண்ட ஆறுகளை எல்லாம் எண்ணிப் பார்த்தவர், சற்றுக் கழித்து, “எண் ஆறு!” என்று சிரித்தார். ஆறு என்னும் சொல்லுக்கு நதி என்பதும் ஒரு பொருள், எண் என்பதும் ஒரு பொருள், வழி என்பதும் ஒரு பொருள். ‘ஓடாத’ என்ற அடைமொழிதான் கேட்பவரின் கருத்தைக் காட்டித் தருகிறது. முதலில் மனத்தில் தோன்றும் பொருளை ஐயுற்று நின்று, அடைமொழியை மீண்டும் ஒருமுறை நோக்குதலே நொடி நமக்குக் கற்பிக்கும் முதற்பாடம்.

இரண்டாம் பாடம், பல நிபந்தனைகளை ஒருங்கு வைத்துப் பார்த்தல். இதற்கு நாம் கட்டிய நொடி ஒன்று: “நான்கு எழுத்துள்ளவன். நீரில் மிதப்பேன். நடு இரண்டையும் நீக்கின் நீரில் அமிழ்வேன். முதல் இரண்டையும் நீக்கின் வாயில் இருப்பேன். நான் யார்?”

மிதக்கும் பொருளெல்லாவற்றையும் எண்ணத் தொடங்குபவர் களைத்துப் போவார். மிதப்பன ஆயிரம் உண்டு. ஆனால் வாயில் உள்ளனவோ சில. அவற்றுள் ஈரெழுத்துடையதாய் உடனே தோன்றுவது பல். நீரில் அமிழும் ஈரெழுத்துப் பொருள் கல். இரண்டுக்கும் ஈறு லகர ஒற்றே. நிபந்தனைகள் ஒன்றோடொன்று பொருந்துகின்றன. எனவே முதலெழுத்து ககரம், மூன்றாவது பகரம், நான்காவது லகர ஒற்று. இனி இரண்டாம் எழுத்தொன்றே எஞ்சியது. கப்பல் தானாக வந்து கரைதட்டுகிறது! விரிந்து கிடக்கும் நிபந்தனையை விட்டு, ஒடுங்கிய நிபந்தனையிற் பிடித்தல் என்பது இதுவே. ஆயிரக்கணக்கான பதிவுவரிகளுக்கிடையே கள்வன் புகுந்த சுவட்டைத் தேடும் பாதுகாப்பாளரும் இவ்வாறே செய்வர்: நள்ளிரவில் வந்தவை எவை, வழக்கமில்லாத இடத்திலிருந்து வந்தவை எவை, பன்முறை கடவுச்சொல் பிழைத்த பின் உட்புகுந்தவை எவை என்று வட்டத்தைச் சுருக்கிக்கொண்டே போவர்.

சொல்விளையாட்டுக்கும் மறைபொருட் கலைக்குமுள்ள இவ்வுறவு தமிழர்க்குப் புதியதன்று. தொல்காப்பியர் பிசி என்று விடுகதையை ஓர் இலக்கிய வகையாகவே கொண்டு, அதனை இருவகைப்படுத்தினார். தண்டியலங்காரம் சிலேடையைச் செம்மொழி, பிரிமொழி என இரண்டாகப் பிரித்தது. சொல் பிரியாமலே இருபொருள் தருவது முன்னையது, பிரிக்கும் இடம் மாறப் பொருளும் மாறுவது பின்னையது. சித்திரகவிகளுள் காதைகரப்பு என்று ஒன்றுண்டு. ஒரு செய்யுளை ஈற்றிலிருந்து ஓரெழுத்து விட்டு ஓரெழுத்தாகப் படிக்க மற்றொரு செய்யுள் வெளிப்படும். கரந்துறைச் செய்யுளோ பெயரிலேயே தன் தொழிலைச் சொல்லுகிறது. படத்துக்குள்ளே செய்தியை ஒளித்து அனுப்பும் இன்றைய கணினி வித்தையைப் பற்றி அம்மாணவர் விளக்கியபோது, எமக்குக் கரந்துறைச் செய்யுளே கண்முன் நின்றது. பாதுகாப்புத் துறையினர் பயிற்சிக்காக நடத்தும் ‘கொடி பிடிக்கும்’ போட்டிகளிலும் இத்தகைய புதிர்கள் உண்டு. கோப்பிலோ படத்திலோ மறைந்துள்ள எழுத்துக் கோவையே அங்குக் கொடியெனப்படும். அமெரிக்காவில் நடைபெறும் டெவ்கொன் மாநாட்டில் இப்போட்டி 1996ஆம் ஆண்டு முதல் நடந்துவருகிறது.

மேனாட்டிலும் இவ்வுண்மையை உணர்ந்தோர் உளர். இரண்டாம் உலகப் போர்க் காலத்தில், 1942ஆம் ஆண்டு ஜனவரியில், இலண்டன் ‘டெயிலி டெலிகிராப்’ பத்திரிகை தன் குறுக்கெழுத்துப் புதிரை 12 நிமிடங்களுக்குள் முடிக்க வல்லவரை அழைத்து ஒரு போட்டி நடத்தியது. ஒருவர் யாவரையும் முந்தி முடித்தும், ஒரு சொல்லின் எழுத்தைப் பிழைத்தமையாற் பரிசை இழந்தார். சில வாரங்களின் பின் போட்டியாளருட் சிலருக்குப் போர் அமைச்சிலிருந்து அழைப்பு வந்தது. ஜேர்மானியரின் இரகசியக் குறிமொழிகளை உடைத்துக்கொண்டிருந்த பிளெச்லி பார்க் என்னும் மாளிகைக்கு ஆள் தேடிய அழைப்பு அது. அலன் தூறிங் முதலிய கணித மேதைகள் உழைத்த அதே இடத்தில், சொற்புதிர் வல்லாரும் வேண்டப்பட்டனர். அம்மரபு இன்றும் அற்றுவிடவில்லை. பிரித்தானியாவின் செய்தித்தொடர்பு உளவு நிலையமான ஜி.சி.எச்.கியூ. 2015ஆம் ஆண்டு நத்தார் வாழ்த்து அட்டையிலேயே ஒரு புதிர்த்தொடரை வெளியிட்டது. இலட்சக்கணக்கானோர் முயன்றும் முழுவதையும் அவிழ்த்தவர் எவருமிலர். அடுத்த ஆண்டே அந்நிலையம் ஒரு புதிர் நூலையும் வெளியிட்டது.

மொழியறிவு குறிமொழியை உடைப்பது எங்ஙனம் என்பதைத் தமிழிலேயே காட்டலாம். ‘ழவை’ என்று ஒரு சீட்டில் எழுதியிருப்பதாகக் கொள்வோம். தமிழ்ச் சொல் எதுவும் ழகரத்தில் தொடங்காது என்பதை எட்டாம் வகுப்புப் பிள்ளையும் அறியும். ஆகவே இது இயல்பான சொல்லன்று, எழுத்து மாற்றப்பட்டிருக்கிறது என்ற ஐயம் உடனே பிறக்கும். நெடுங்கணக்கில் மெய்வரிசையிலே ஒவ்வோரிடம் பின்னே நகர்த்திப் பாருங்கள். ழகரம் வகரமாகும், வகரம் லகரமாகும். ‘வலை’ என்ற சொல் வெளிப்படுகிறது. உரோமப் பெருந்தலைவன் யூலியசு சீசர் மூன்றிடம் நகர்த்தி எழுதிய முறையும் இவ்வினத்ததே.

வலை என்ற சொல்லை நாம் காரணத்தோடுதான் எடுத்தோம். இன்று கள்வர் வீசும் வலைகளிற் பெரும்பாலானவை சொல்வலைகளே. எம்மோடு கற்பித்து ஓய்வு பெற்ற நண்பர் ஒருவர், தம் வங்கியிலிருந்து வந்ததாகத் தோன்றிய குறுஞ்செய்தியை நம்பி, அதிற் காட்டிய முகவரியிற் கடவுச்சொல்லைப் பதிந்தார். மகளின் கலியாணத்துக்கென்று சேமித்த பணத்திற் பெரும்பகுதி அன்றே போயிற்று. முகவரியில் ஓர் எழுத்து மட்டுமே வேறு. முப்பத்தைந்து ஆண்டுகள் மாணவரின் எழுத்துப்பிழை திருத்திய கண், அந்த ஓரெழுத்தைக் காணத் தவறிவிட்டது. “நான் படிப்பித்த பாடத்திலேயே தோற்றுவிட்டேன்” என்று அவர் சொன்னபோது எமக்கு மறுமொழி எழவில்லை.

ஆங்கிலச் சிற்றெழுத்துகளில் ‘ஆர்’, ‘என்’ இரண்டையும் நெருக்கி எழுதினால் ‘எம்’ போலத் தோன்றும். உருசிய எழுத்துகளுட் சில, ஆங்கில எழுத்துகளின் இரட்டைப்பிள்ளைகள் போன்றவை. 2017ஆம் ஆண்டில் ஓர் ஆராய்ச்சியாளர் இத்தகைய எழுத்துகளாலேயே ‘அப்பிள்’ நிறுவனத்தின் இணைய முகவரியைப் போன்ற போலி முகவரி ஒன்றை அமைத்துக் காட்டி உலகை எச்சரித்தார். நம் தமிழிலும் இந்நிலை உண்டு. தமிழ் எண்ணாகிய ௧ என்பதையும் எழுத்தாகிய க என்பதையும் அருகருகே வைத்துப் பாருங்கள். ௭ என்பதையும் எ என்பதையும் வைத்துப் பாருங்கள். நம் கண்ணுக்கு ஒன்றே, கணினிக்கோ வெவ்வேறு. ஒரு சொல்லில் இருபொருள் வைத்தார் காளமேகப் புலவர், கேட்டவர் மகிழ்ந்தனர். ஒரு தோற்றத்தில் இரு முகவரி வைக்கிறான் இக்காலத்துக் கள்வன், பார்த்தவர் அழுகின்றனர். சிலேடையைச் சுவைக்கப் பழகியவன், ‘இது நான் நினைத்ததுதானா?’ என்று ஒரு கணம் நிற்கவும் பழகியிருப்பான். அந்த ஒரு கணமே காவல்.

ஆயினும் நாம் மிகைபடக் கூற விரும்பவில்லை. நொடி அவிழ்க்க வல்லவரெல்லாம் கணினிக் காவலர் ஆகிவிடார். வலையமைப்பின் இயக்கம், மறைகுறியாக்கம், அடையாள உறுதிப்பாடு, சட்டவிதிகள் ஆகியவற்றை நூலிலும் செய்முறையிலும் கற்றே ஆகவேண்டும். நெல் இல்லாத உரலில் உலக்கை போட்டால் அரிசி வருமா? பாடம் நெல், பயிற்சி உலக்கை. இன்னும் ஒன்று: புதிருக்கு விடை ஒன்று உண்டென்பது முன்னமே நிச்சயம், வாழ்க்கையில் வரும் தாக்குதலுக்கோ அத்தகைய உறுதி இல்லை. ஆகலின் நொடி துணையே அன்றி முதலன்று.

அம்மாணவருக்கு நாம் சொன்ன முறை எளியது. நாளொன்றுக்கு இரண்டு நொடி; விடை கண்டதும் நில்லாமல், எந்தச் சொல் வழிகாட்டியது, எந்தச் சொல் ஏமாற்றியது என்று ஓரிரு வரி எழுதுதல். பின்னர் மாதிரி வினாக்களையும் அவ்வண்ணமே ஆராய்தல்: ‘முதலில்’, ‘மிகச் சிறந்தது’, ‘தவிர’ முதலிய சொற்களின் கீழ்க் கோடிட்டு, பொருந்தாத விடைகளைக் காரணத்தோடு நீக்குதல். தம் ஆச்சியிடமே நொடி கேட்கத் தொடங்கியவர், வாரங்கள் செல்ல அவரை மடக்கும் அளவுக்கு வளர்ந்தார். ஆறு மாதத்தின் பின் அடுத்த போக வெங்காயக் காசுடன் மீண்டும் பரீட்சைக்கு அமர்ந்து தேறினார். செய்தியைச் சொல்ல வந்தவர், “சேர், கேள்விகள் புதிது, பூட்டுகள் பழையவை” என்றார். அவருடைய உழைப்பே அவரைத் தேற்றியது. எனினும் ஆச்சிக்கும் அதிலே ஒரு பங்குண்டு என்று அவர் கருதுவதை நாம் மறுக்கவில்லை.

பெற்றோரே, இன்றிரவு கைப்பேசிகளைச் சற்று அப்பால் வைத்துவிட்டுப் பிள்ளைகளை அருகே அழையுங்கள். தாத்தா பாட்டியரும் உடனிருக்கட்டும். கள்வரின் குறுஞ்செய்திகள் அவர்களையும் தேடி வருகின்றன அன்றோ? தொடக்கத்துக்கு நாமே ஒன்று தருகிறோம்: “மூன்று எழுத்துள்ளவன். தலையை நீக்கின் நீரில் அமிழ்வேன். இடையை நீக்கின் வாயில் இருப்பேன். முழுமையாய் நின்றால் ஒளியோடு இருப்பேன். நான் யார்?”

கல்லையும் பல்லையும் முன்னமே கண்டுவிட்டோம் என்று ‘கப்பல்’ எனக் கூறிவிடாதீர்கள். மனனம் செய்த விடை இங்கே உதவாது. நிதானமாக எண்ணினால், இந்த ஞாயிற்றுக்கிழமை வெளிச்சம் மங்குமுன்னரே விடை உங்கள் கைக்கு வந்துவிடும்.